தெப்பக்குளம் பதில்கள்: நடிகர் எப்ப முதலாளி ஆகுறாரு?

இந்தவாட்டி வந்த கேள்வியில முக்காவாசி நாடகம், சினிமா பத்தியே இருக்கு. பங்குனி பொறந்து திருவிழா நோட்டீஸ் ஒட்ட ஆரம்பிச்சாலே நம்மாளுங்களுக்கு கொட்டகை ஞாபகம் வந்துரும் போல. அதனால கோரிப்பாளையம் டிராபிக், வைகையில ஆகாயத்தாமரை கேள்வியெல்லாம் அடுத்த இதழுக்குத் தள்ளியாச்சு, கோவிச்சுக்காதீங்க.

எஸ்.எஸ்.ஆர். (நடிகர் எஸ்.எஸ். ராஜேந்திரன்) எங்க பக்கத்து ஊருக்காரர்னு பேரன்கிட்ட பெருமையா சொன்னா, "யாரு தாத்தா, சிவாஜி படத்துல கூட வருவாரே அவரா"ன்னு கேக்குறான். அவரு வெறும் செகண்ட் ஹீரோ தானா?
வாசகர், உசிலம்பட்டி

பேரனை சொல்லி குத்தமில்லய்யா. டிவியில திரும்பத் திரும்ப போடுறது பராசக்தி, அதுல சிவாஜி கோர்ட்ல பேசுற பேச்சுக்கு முன்னாடி வேற யாரு கண்ணுக்குத் தெரிவா? ஆனா அதே படத்துல கால் போயி, பிச்சைக்காரங்களுக்கு தலைவனா எஸ்.எஸ்.ஆர். வர்ற ஞானசேகரன் வேஷத்த ஒருதரம் சிவாஜிய மறந்துட்டு பாக்க சொல்லுங்க. 1952 தீபாவளிக்கு நம்ம தங்கம் தியேட்டர் திறந்ததே அந்தப் படத்தோடதான், சேடப்பட்டிக்காரர் ஒருத்தரு அந்த மாபெரும் திரையில வந்து நின்னப்ப நம்ம பக்கத்து சனம் எப்படி கத்தியிருக்கும்னு நினைச்சுப் பாருங்க.

அவரோட கதைய வரிசையா சொன்னா பேரனுக்கு புரியும். சின்னப் பையனா, பசங்கள வச்சே நாடகம் போடுற பாய்ஸ் கம்பெனியில சேந்தாரு, அப்புறம் டி.கே.எஸ். சகோதரர்கள் குழு. ல, ள, ழ மூணும் தனித்தனியா காதுல விழுற அந்த உச்சரிப்பு அங்க வாங்குனது தான். மைக் இல்லாம கடைசி பெஞ்சுக்கு கேக்கணும்ல. சினிமாவுல பேரு வந்த பிறகும் மேடைய விடல, எஸ்.எஸ்.ஆர். நாடக மன்றம்னு சொந்தமா ஆரம்பிச்சாரு. கலைஞர் எழுதின மணிமகுடத்த முதல்ல மேடையில போட்டுட்டு, அப்புறம் 1966ல அதையே படமா டைரக்ட் பண்ணாரு. அதுக்கு முன்னாடியே 1960ல தங்கரத்தினம்னு ஒரு சொந்தப் படம், அதுக்கும் டைரக்டர் அவரே தான். இதுக்கு நடுவுல 1962ல தேனியில தி.மு.க. சார்பா நின்னு எம்.எல்.ஏ. ஆயிட்டாரு. இந்தியாவுலயே தேர்தல்ல நின்னு சட்டசபைக்குப் போன முதல் சினிமா நடிகர்னு அவரைத்தான் சொல்லுவாங்க. பின்னாடி ராஜ்யசபா, 1980ல அ.தி.மு.க.வுல ஆண்டிபட்டி. வயசான காலத்துல தன் வாழ்க்கையயும் எழுதி வச்சுட்டு 2014 அக்டோபர்ல போய்ச் சேந்தாரு.

அப்ப ஏன் சிவாஜி, எம்.ஜி.ஆர். அளவுக்கு வரலன்னா, எனக்குப் பட்டத சொல்றேன். புராணப் படம் நடிக்க மாட்டேன்னு கொள்கையா வச்சிருந்தாரு, லட்சிய நடிகர்னு பட்டம் வந்ததே அப்படித்தான். ஆனா அந்தக் காலத்த பாருங்க, 1965ல திருவிளையாடல், 66ல சரஸ்வதி சபதம்னு சாமி படம் கொட்டகைய நிரப்புன நேரம். மார்க்கெட்டுல பெரிய வாசல் ஒண்ண அவரே சாத்திக்கிட்டாரு. பூம்புகார்ல கோவலனா வந்தாரே, அதுக்கு மேல அந்தப் பக்கம் போகல. தப்பா சரியாங்குறது வேற விஷயம், செகண்ட் ஹீரோங்குறது மட்டும் சரியில்ல. சொந்த மன்றம், சொந்தக் கம்பெனி, சொந்த டைரக்‌ஷன்னு வச்சிருந்த ஆளு அவரு.

எம்.ஜி.ஆர். "மதுரை" பாய்ஸ் கம்பெனியில நடிச்சாருன்னா அவர் நம்மூர்லதான் வளந்தாரா?
வாசகர், அவனியாபுரம்

இல்லப்பா. பொறந்தது இலங்கை, நாவலப்பிட்டி. வளந்தது கும்பகோணம். கம்பெனி பேரு தான் மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனி. அந்தக் காலத்துல நாடகக் கம்பெனி பேருக்கு முன்னாடி மதுரைன்னு போட்டா தனி மவுசு, இப்ப எந்த ஊர் பைபாஸ்லயும் மதுரை முனியாண்டி விலாஸ் இருக்கறாப்ல. டி.கே.எஸ். சகோதரர்கள் 1925ல சொந்த சபா ஆரம்பிச்சது திருவனந்தபுரத்துல, பேரு என்ன தெரியுமா, மதுரை ஸ்ரீ பால ஷண்முகானந்த சபா. நவாப் ராஜமாணிக்கம் கம்பெனியும் மதுரை தேவி பால விநோத சங்கீத சபா தான். பேரைக் கேட்டே டிக்கெட் வாங்கியிருக்காங்க சனம்.

நாடகத்துல இருந்து வந்த நடிகருங்க எல்லாருமே கையில நாலு காசு சேந்ததும் சொந்த மன்றம், சொந்தப் படம்னு இறங்கிட்டாங்களே, இது ஆசையா பேராசையா?
வாசகர், செல்லூர்

ரெண்டும் இல்லண்ணே, பயம்னு தான் நான் சொல்லுவேன்.

பாய்ஸ் கம்பெனி எப்படி நடந்துச்சுன்னு தெரிஞ்சா இது புரியும். பத்து வயசு பையன கொண்டாந்து விட்டுட்டு அப்பா ஆத்தா போயிருவாங்க, சோறும் தங்க இடமும் கம்பெனி பொறுப்பு, சம்பளம்னு பேருக்கு ஏதோ. காலையில வாத்தியார் பாடம், மத்தியானம் பாட்டு, நெட்டுருப் போடலன்னா அடி. ராத்திரி நாடகம் முடிஞ்சு அரிதாரம் கலைச்சு படுக்கையில விடிஞ்சுரும். நல்லா பாடுற பையனுக்கு ராஜமரியாதை தான், எதுவரைக்கும்னா மகரக்கட்டு உடையிற வரைக்கும். குரல் உடைஞ்ச அன்னைக்கு ஸ்த்ரீபார்ட், அதான் பொம்பள வேஷம், போட்டவன் வேஷம் இல்லாம நிப்பான், நேத்து வரைக்கும் ஒன்ஸ்மோர் வாங்குன பையன் இன்னைக்கு சீன் படுதா இழுத்துக்கிட்டு கிடப்பான். இத கண்ணால பாத்து வளந்தவனுக்கு என்ன தோணும்? நடிப்ப மட்டும் நம்பக் கூடாது, கொட்டகை நம்ம கையில இருக்கணும்னு தானே தோணும்.

இன்னொண்ணு, கம்பெனியில வேலை பிரிச்சு வைக்கல. அரிதாரம் பூசுறதும் தெரியணும், சீன் கட்டுறதும் தெரியணும், அவசரத்துக்கு நாலு பாட்டு சேத்து எழுதவும் தெரியணும். அப்படி வளந்தவன் பின்னாடி கதை எழுதுறான், டைரக்ட் பண்றான்னா நமக்குத்தான் ஆச்சரியம், அவனுக்கு அது பழகின வேலை.

இதுக்கெல்லாம் தாத்தா யாருன்னா சங்கரதாஸ் சுவாமிகள் தான். முதல்ல நடிகர், எமன், சனீஸ்வரன், இரணியன்னு பயமுறுத்துற வேஷமா போட்டவரு. அவரோட சனீஸ்வரன் வேஷத்தப் பாத்து ஒரு கர்ப்பிணிக்கு கரு கலைஞ்சு போச்சு, அதோட வேஷம் போடுறதையே விட்டுட்டாருன்னு நாடகக்காரங்க இன்னைக்கும் சொல்லுவாங்க. அப்புறம் வாத்தியார், ஆசிரியர். கடைசியா 1918ல நம்ம மதுரையில தத்துவ மீனலோசனி வித்துவ பால சபான்னு சொந்தமா ஆரம்பிச்சாரு. டி.கே. சண்முகம் அண்ணன் தம்பிங்க சின்னப் பிள்ளைங்களா வந்து சேந்தது அங்க தான். சண்முகங்குற அந்தப் பையனுக்காகவே அபிமன்யு சுந்தரின்னு ஒரு முழு நாடகத்த, பாட்டு வசனம் எல்லாம் சேத்து, ஒரே ராத்திரியில எழுதி முடிச்சாராம். பையன் யாரு, அவன் குரல் எந்த ஸ்ருதியில நிக்கும், எங்க மூச்சு வாங்குவான்னு தெரிஞ்சவரு எழுதுனா அப்படித்தான் வரும். நடிச்சவரு, எழுதுறவரு, முதலாளி மூணு பேரும் ஒரே ஆளா இருந்ததுல வந்த லாபம் அது. 1922ல காலமாயிட்டாரு, ஆனா அந்தப் பையன் வளந்து அவ்வை சண்முகம் ஆகி, அவரு குழுவுல பின்னாடி சின்ன வயசு கமல் போய்ச் சேந்து, 1996ல ஒரு படத்துக்கு அவ்வை சண்முகின்னு பேரு வச்சாரே, அந்தக் கோடு நேரா நம்ம ஊருல இருந்து தான் கிளம்புது.

சொந்த மன்றத்துல இன்னொரு சவுகரியம் இருக்கு, அத யாரும் பெருசா பேசறதில்ல. கதைய சனத்து முன்னாடி ஓட்டிப் பாத்துக்கலாம். வீரபாண்டிய கட்டபொம்மன 1957ல சிவாஜி நாடகமா போட்டாரு, சக்தி கிருஷ்ணசாமி எழுதுனது, ஊர் ஊரா போட்டுப் போட்டு எந்த வரிக்கு கைதட்டு, எங்க சனம் கொட்டாவி விடுதுன்னு தெரிஞ்சு போச்சு. 1959ல பந்துலு அத படமா எடுத்தப்ப அந்த வசனத்துல ஒரு வரி கூட புதுசா பழகுற வரி இல்ல. ரத்தக்கண்ணீரும் அப்படித்தான், திருவாரூர் தங்கராசு எழுதி எம்.ஆர். ராதா வருஷக்கணக்கா மேடையில போட்டது, படமா வந்தது 1954ல. படம் ஓடுன பிறகும் அந்த மனுஷன் நாடகத்த நிறுத்தல. சினிமாக்காரன் கால்ஷீட் கேட்டா நாடகத் தேதிய பாத்துட்டுத்தான் கொடுப்பாராம். அந்த தெனாவட்டு எங்கேருந்து வந்துச்சுங்குறீங்க? நாளைக்கு சினிமா இல்லன்னாலும் சாயங்காலம் சொந்தக் கொட்டகையில விளக்கு எரியும்ங்குற தைரியம்.

எம்.ஜி.ஆர். மட்டும் கொஞ்சம் வேற ரகம். அவரு 1958ல நாடோடி மன்னன் எடுத்தப்ப நடிப்பு, டைரக்‌ஷன், தயாரிப்பு எல்லாத்தையும் தன் தலையில போட்டுக்கிட்டாரு, "ஓடுனா மன்னன், ஓடலன்னா நாடோடி"ன்னு அவரே சொன்னதா ஊரெல்லாம் பேச்சு. ஓடிருச்சு. வெற்றிவிழா நம்ம மதுரையில நடந்து தங்க வாள் குடுத்தாங்க. அவரு டைரக்ட் பண்ணதே மொத்தம் மூணு படம், மூணாவது 1978ல வந்த மதுரையை மீட்ட சுந்தரபாண்டியன். பேருலயாச்சும் நம்ம ஊரு வந்துருச்சு.

நீங்க எப்பவும் ஆம்பள நடிகருங்களையே பேசுறீங்க. நடிச்சு, எழுதி, படமும் எடுத்த பொம்பளைங்க யாருமே இல்லையா?
வாசகி, மேலூர்

இருக்காங்க தாயி, அதுவும் எஸ்.எஸ்.ஆர்., எம்.ஜி.ஆருக்கு எல்லாம் முன்னாடியே. டி.பி. ராஜலட்சுமி. திருவையாறு. சின்ன வயசுலயே கல்யாணம் பண்ணி வச்சு அது நிலைக்காம போயி, வீட்டுக் கஷ்டத்துக்கு நாடகக் கம்பெனியில சேந்தவங்க. ஒரு பிராமணக் குடும்பத்துப் பொண்ணு அந்தக் காலத்துல மேடை ஏறுனா ஊரு என்ன பேசியிருக்கும்னு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்ல. தமிழோட முதல் பேசும்படம் 1931ல வந்த காளிதாஸ், அதுல கதாநாயகி இவங்க தான். அங்கேயே நின்னுருந்தா கூட சரித்திரத்துல பேரு இருக்கும். நிக்கல. நாவல் எழுதுனாங்க, அந்த நாவலையே 1936ல மிஸ் கமலான்னு படமா எடுத்தாங்க, கதை, டைரக்‌ஷன், தயாரிப்பு, நடிப்பு நாலும் அவங்களே. தென்னிந்தியாவுல படம் டைரக்ட் பண்ண முதல் பொம்பள.

இந்தப் பதில்கள்ல நாடோடி மன்னனுக்கு மூணு வரி எழுதுறோம், மிஸ் கமலாவுக்கு ஊர்ல ஒருத்தருக்கும் ஞாபகம் இல்ல. எம்.ஜி.ஆர். தலையில போட்டுக்கிட்ட பாரத்த இருபத்திரெண்டு வருஷம் முந்தியே ஒரு பொம்பள தூக்கிட்டு நடந்திருக்கா, அதுவும் பின்னாடி கட்சியும் இல்ல, மன்றமும் இல்ல.

பானுமதியும் சேத்துக்குங்க. பரணி ஸ்டுடியோ அவங்களுக்கும் வீட்டுக்காரருக்கும் சொந்தம், 1953ல சண்டிராணிய மூணு பாஷையில டைரக்ட் பண்ணாங்க, பாட்டு சொந்தக் குரல்ல, கதை எழுதுறதுலயும் தெலுங்குல பெரிய பேரு. செட்டுக்குள்ள அந்தம்மா வந்தா பெரிய ஹீரோவே எந்திரிச்சு நிப்பாருன்னு சொல்லுவாங்க. ஸ்டுடியோ முதலாளிய பாத்து எந்திரிக்காம என்ன பண்ணுவாரு.

எனக்கு 24 வயசு. காலேஜ்ல நாடகம் போட்டிருக்கேன், ரெண்டு ஷார்ட் பிலிம் எழுதி நடிச்சிருக்கேன். அப்பா பேருல இருக்குற நிலத்த வித்து நானே ஹீரோவா, ரைட்டரா, புரொடியூசரா ஒரு படம் எடுக்கலாம்னு இருக்கேன். சசிகுமார், விஜய் சேதுபதி எல்லாம் அப்படித்தானே வந்தாங்க?
வாசகர், திருமங்கலம்

தம்பி, முதல்ல அப்பாகிட்ட பத்திரத்த பீரோவுல வச்சு பூட்ட சொல்லு, அப்புறம் பேசுவோம்.

அவங்க அப்படி வரல. சசிகுமார் நம்ம மதுரைப் பக்கத்து ஆளு தான், 2008ல சுப்ரமணியபுரம் எடுத்தப்ப எழுத்து, டைரக்‌ஷன், தயாரிப்பு, நடிப்பு எல்லாம் அவரே, அது வரைக்கும் சரி. ஆனா அதுக்கு முன்னாடி பாலாகிட்டயும் அமீர்கிட்டயும் அசிஸ்டென்டா இருந்தத ஏன் விட்டுட்ட? கிளாப் அடிச்சு, கன்டினியூட்டி எழுதி, ஒரு நாள் ஷூட்டிங் கேன்சல் ஆனா எவ்வளவு காசு தண்ணியா போகுதுன்னு கூடவே நின்னு பாத்த ஆளு. 1980 மதுரைய அப்படி கொண்டாந்தாருன்னா, அந்த டவுசர், பெல்ஸ், சைக்கிள், சுவத்து போஸ்டர் வரைக்கும் என்ன வேணும், என்ன வேணாம்னு அவருக்குத் தெரிஞ்சிருந்துச்சு.

விஜய் சேதுபதி கூத்துப்பட்டறைங்குற நாடகக் குழுவுல சேந்தது நடிகரா இல்ல, கணக்கெழுதுற ஆளா. அங்க உக்காந்து மத்தவங்க நடிக்கிறதப் பாத்தாரு, அப்புறம் சினிமாவுல ஓரமா நின்னுட்டுப் போற வேஷம் எல்லாம் பண்ணாரு. 2015ல தான் ஆரஞ்சு மிட்டாய் தயாரிச்சாரு, அதுல வசனமும் எழுதி ஒரு வயசானவரா நடிச்சாரு. அதாவது ஹீரோவா பேரு வாங்கி மார்க்கெட் வந்த பிறகு, அதுவும் சின்னப் படமா. அந்தப் படம் பெருசா ஓடல. ஆனா அது கவுத்துற அளவுக்கு அவரு நிலைமை இல்ல, அடுத்த படத்துக்கு சம்பளம் காத்துக்கிட்டு இருந்துச்சு. உனக்கு என்ன காத்துக்கிட்டு இருக்கு?

நிலத்த வித்த காசு ஷூட்டிங்குக்கே சரியாப் போகும்னு வச்சுக்க. அப்புறம் டப்பிங், மிக்சிங், சிஜி, சென்சார், விளம்பரம் எல்லாத்துக்கும் பைனான்ஸ் வாங்குவ, வட்டி ரிலீஸ் தேதி வரைக்கும் ராப்பகலா ஓடும். ரிலீஸுக்கு முந்துன நாள் ராத்திரி லேப்ல பஞ்சாயத்து நடக்கும், பழைய பாக்கி செட்டில் ஆனாத்தான் தியேட்டருக்கு கேடிஎம், அதான் படத்த ஓட்டுறதுக்கான டிஜிட்டல் சாவி, போகும், கேடிஎம் வரலன்னா வெள்ளிக்கிழமை காலை ஷோ கேன்சல். பெரிய ஹீரோ படமே இப்படி நின்ன கதை வருஷத்துக்கு நாலு கேக்குறோம். மதுரை ராம்நாடு ஏரியாவ வாங்க ஒரு டிஸ்ட்ரிபியூட்டர் வருவாருன்னு நினைக்காத, புதுமுகம் படம்னா உன் சொந்தக் காசுலதான் தியேட்டர் பிடிக்கணும். ஓடிடிக்காரன் தியேட்டர்ல எப்படிப் போச்சுன்னு பாத்துட்டுத்தான் நம்ம போனை எடுக்குறான்.

உங்கிட்ட எனக்குப் பிடிச்சது நீ எழுதுறது. எழுதுறதுக்கு காசு வேணாம். விசுவ எடுத்துக்க, நாடகம் எழுதுனாரு, அவரு பட்டினப் பிரவேசத்த 1977ல பாலசந்தர் படமா எடுத்தாரு, அப்புறம் தான் டைரக்‌ஷன், நடிப்பு. 1986ல சம்சாரம் அது மின்சாரம் வந்தப்ப காசு போட்டது ஏவிஎம். கடைசி வரைக்கும் அவரு கையில இருந்த சரக்கு எழுத்துதான், அத நம்பி மத்தவன் பணம் போட்டான். நீயும் ஒரு ஒருமணி நேர நாடகமா எழுதி நம்ம ஊர்ல ஏதாச்சும் ஒரு ஹால் பிடிச்சு நாலு வாரம் ஞாயித்துக்கிழமை போடு. சொந்தக்காரன் கைதட்டுறத கணக்குல எடுக்காத, மூணாவது வாரம் தெரியாத மூஞ்சி வருதான்னு பாரு. வந்தா எழுது, நானே வந்து டிக்கெட் வாங்கிப் பாக்குறேன்.

நிலத்துல இப்போதைக்கு சோளம் போடச் சொல்லு.

ஸ்பெஷல் நாடகக்காரங்க மட்டும் ஏன் கடைசி வரைக்கும் முதலாளி ஆகவே இல்ல?
வாசகர், வாடிப்பட்டி

ஒரு வகையில அவங்க எல்லாருமே முதலாளி தாங்க. ஸ்பெஷல் நாடகத்துல கம்பெனின்னு ஒண்ணே கிடையாது, ராஜபார்ட் (கதாநாயகன் வேஷக்காரர்) ஒரு ஊரு, ஸ்த்ரீபார்ட் ஒரு ஊரு, பபூன் ஒரு ஊரு, ஆர்மோனியம் இன்னொரு ஊரு. எல்லாரும் அன்னைக்கு ராத்திரி தான் மேடையில சந்திப்பாங்க. ஒத்திகை கிடையாது. டிரஸ்ஸு அவங்கவங்களோடது, மேக்கப் பெட்டி அவங்கவங்களோடது, பாடமும் அவங்கவங்க மண்டையில. வள்ளி திருமணத்துல நாரதரும் வள்ளியும் தர்க்கம் பண்றப்ப பாருங்க, இவரு என்ன கேப்பாருன்னு அந்தம்மாவுக்குத் தெரியாது, அந்தம்மா என்ன பதில் சொல்லும்னு இவருக்குத் தெரியாது, சங்கரதாஸ் சுவாமிகள் பாட்டுங்குற கட்டுக்குள்ள நின்னுக்கிட்டு அந்த எடத்துலயே வசனத்த உண்டாக்குறாங்க. நடிப்பு, எழுத்து, தயாரிப்பு மூணும் ஒரு டிரங்குப் பொட்டியில அடங்கியிருக்கு.

இல்லாதது என்னன்னா, மறுநாளைக்கு உத்தரவாதம். ஊர்க்காரங்க குடுக்குற தொகையில ஏஜென்ட் கமிஷன் போக வர்றது தான் சம்பளம், அதுவும் பங்குனியில இருந்து ஆடி வரைக்கும் தான் சீசன், மழை வந்துட்டா தேதி இல்ல. சங்கரதாஸ் சுவாமிகள் பேருல மதுரையில நாடக நடிகர் சங்கம் இருக்கு, தேதி பேசுறது, தகராறு தீக்குறதுல இருந்து குருபூஜை வரைக்கும் அவங்க பாத்துக்குறாங்க. ஆனா சேமிச்சு முதல் போடுற அளவுக்கு யாருக்கு மிஞ்சும்?

இந்த சீசன்ல நல்ல வள்ளி திருமணம் எங்க பாக்கலாம்?
வாசகர், அழகர்கோவில் ரோடு

எந்த ஊருன்னு இப்பவே சொல்ல முடியாது, நோட்டீஸ் ஒட்டுனாத்தான் தெரியும். மேலூர், நத்தம், உசிலம்பட்டி பக்கம் பஸ்ல போறப்ப டீக்கடை சுவத்த பாத்துட்டே போங்க, நடிகருங்க போட்டோ வட்டம் வட்டமா போட்டு கலர் கலரா இருக்கும். முதல்ல ஆர்மோனியம், மிருதங்கம், ஆல்ரவுண்ட் (பல தாளக் கருவிய ஒரே ஆளு வாசிக்கிறது) வாசிக்கிறவங்க பேர பாருங்க, அந்த மூணும் நல்லா அமைஞ்சுட்டா மத்தது தானா வந்துரும். ராத்திரி பத்து மணின்னு போட்டிருப்பாங்க, பபூன் வந்து சிரிக்க வச்சு, டான்ஸ் முடிஞ்சு முருகன் மேடை ஏற ரெண்டு மணி ஆயிரும். தர்க்கம் அதுக்கும் பின்னாடி. சாயங்காலமே ஒரு தூக்கம் போட்டுட்டு போங்க, உக்கார பாயோ சாக்கோ எடுத்துக்கங்க, கடைசி பஸ்ஸ நம்பாம வண்டியில போறது நல்லது.